கதவில் அப்பா போட்ட தாளம்

எனக்கு அப்போது எட்டு வயது. ஓரிடத்தில் உட்காரத் தெரியாத பெண். அப்பாவுக்கு நைட் ஷிப்ட் என்றால் எங்கள் குவார்ட்டர்ஸில் பகலெல்லாம் ஊமைப்படம்தான். சுரங்கத்தில் பெரிய மிஷின் ஓட்டுகிறவர், தூக்கம் கெட்டால் உயிருக்கே ஆபத்து என்று அம்மா மிரட்டி வைத்திருந்தாள்.

அந்த வாரம் பார்த்துச் சித்தி வந்திருந்தாள். வெளிநாட்டுப் பேட்டிகளைக் கேட்டு கம்ப்யூட்டரில் டைப் அடித்து அனுப்புவது அவள் வேலை. என் தொல்லை தாங்காமல் இயர்போனில் ஒன்றை என் காதில் செருகினாள். நியூயார்க்கில் ஒரு வயதான யூதப் பெண்மணி பேசிக்கொண்டிருந்தாள். சித்தி கிசுகிசுப்பாய்க் கதை சொன்னாள். அந்தக் காலத்தில் அங்கே ஓட்டல்களில் யூதர்களைச் சேர்க்கவில்லையாம். அவர்களே மலையில் ஓட்டல் கட்டி, கியூபா பாட்டுக்காரர்களைக் கூப்பிட்டு மாம்போ என்ற அவர்கள் ஊர் ஆட்டம் ஆடினார்களாம். ரேடியோ, இசைத்தட்டு என்று அந்தப் பாட்டை ஊரெல்லாம் பரப்பியதிலும் யூதர்களுக்குப் பெரிய பங்காம்.

நடுவே பாட்டு வந்தது. என் கால் சும்மா இருக்குமா? குதித்த குதியில் ஒயர் பிடுங்கிக்கொண்டது. மேளமும் டிரம்பெட்டும் வீட்டையே தூக்கின.

அப்பா லுங்கியை இறுக்கியபடி வந்து நின்றார். செத்தோம் என்று நினைத்தேன்.

"யாரு பாட்டு இது?"

சித்தி தட்டுத்தடுமாறி அதே கதையைச் சொன்னாள்.

"அடிக்கிறவன வெளிய நிக்க வச்சிட்டு, இவங்க உள்ள ஆடிகினு இருந்தாங்களாக்கும்?"

"இல்ல மாமா, உள்ள கூப்புட்டு மேடையில ஏத்துனாங்க. அவங்களே வெளிய நின்னவங்கதானே?"

அப்பா கம்ப்யூட்டரைப் பார்த்துக் கைகாட்டினார். "திரும்பப் போடு" என்றார். கதவுச் சட்டத்தில் விரல்கள் ஓடின. முதலில் பாட்டோடு, பிறகு பாட்டை விட்டுவிட்டு வேறொரு வேகத்தில். அடேயப்பா, என்ன அடி! நான் ஆடித் தீர்த்தேன்.

அம்மா ஓடிவந்து ஜன்னலைச் சாத்தினாள். "பக்கத்துல கேக்கப் போவுதுங்க."

அப்பாவின் கை நின்றது. போய்ப் படுத்துவிட்டார். அன்று அவர் தூங்கவே இல்லை.

எனக்கு அம்மாமேல் ஆத்திரமாக வந்தது. பாட்டு அலறியபோது திறந்தே கிடந்த ஜன்னலை, அப்பா தட்டியதும் ஏன் மூடவேண்டும்? வேலை பெர்மனென்ட் ஆகும்வரை, ஊரில் சாவு விழுந்த வீடுகளுக்கு வெளியே நின்று பறையடித்த கை அது. அந்த அடியைக் கேட்டால் நாங்கள் யாரென்று பிளாக் முழுக்கத் தெரிந்துவிடும் என்று அம்மா பயந்தாள். இதெல்லாம் அப்போது எனக்கு யார் சொன்னார்கள்?

மறுநாள் பள்ளிக்கூடத்தில், எங்கப்பா எப்படி அடிப்பார் தெரியுமா என்று பெஞ்சு பெஞ்சாகப் போய்த் தட்டிக் காட்டினேன்.