தங்கச்சி மறந்த அரபு

சித்தி குவைத்திலிருந்து திரும்பியபோது பெட்டிகளோடு ஒரு நாலு வயதுப் பிள்ளையும் வந்தது. சித்தி அங்கே வீட்டுவேலைக்குப் போனவர். போன இடத்தில் அந்த நாட்டுக்காரர் ஒருவரைக் கலியாணம் முடித்தார். அவருடைய ஆட்கள் கடைசிவரை சித்தியை ஏற்றுக்கொள்ளவில்லை. இதெல்லாம் எனக்குப் பின்னாளில் தெரிந்தது. அன்று எனக்கு ஒன்பது வயது. விளையாட ஒரு தங்கச்சி கிடைத்ததே போதுமாக இருந்தது.

தங்கச்சிக்கு அரபைத் தவிர வேறு பாஷை தெரியாது. தண்ணீர் வேண்டுமென்றால் "மாய்" என்பாள். எங்கள் கொட்டாஞ்சேனை ஒழுங்கைப் பிள்ளைகள் அவளை "அரபி" என்றே கூப்பிட்டார்கள். அயலட்டைச் சனம் என்ன கதைக்குமோ என்று அம்மாவுக்குப் பயம்.

"இனி வீட்டில அரபு கதைக்க வேண்டாம். பிள்ளை இஞ்சதானே வளரப்போகுது," என்று சித்தியிடம் சொன்னார்.

"அங்க இவளை சிலோன்காரியின்ர பிள்ளை எண்டினம், அக்கா. இஞ்ச அரபி எண்டுறியள். அவள் எங்கதான் போறது?"

அம்மா சொன்னதையே திரும்பவும் சொன்னார். அக்கா வீட்டில் ஒண்டியிருப்பவர் எவ்வளவுதான் வாதாடுவது? சித்தி மகளோடு தமிழில் கதைக்கத் தொடங்கினார்.

அடுத்த நத்தார் பண்டிகைக்குள் தங்கச்சி என்னோடு தமிழில் சண்டை பிடித்தாள். மீன்காரரிடம் சிங்களத்தில் வாயாடினாள். அம்மாவுக்கு ஒரே பெருமை. அரபு எப்போது போனதென்று யாரும் கவனிக்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலில் பூசை முடிந்து வந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். சித்தியின் கைபேசியில் தங்கச்சியின் தகப்பனுடைய முகம் தெரிந்தது. அவர்கள் ஊர் வந்தபின் அவர் அழைத்தது அதுதான் முதல் தடவை. தங்கச்சியின் அதே அடர்ந்த புருவம். ஏதோ சொல்லிச் சிரித்தார்.

தங்கச்சி சித்தியைத் திரும்பிப் பார்த்தாள். "அம்மா, இவர் என்ன சொல்லுறார்?"

அவருடைய சிரிப்பு நின்றது. மறுபடியும் சொன்னார், மெதுவாக, சொல் சொல்லாக. அவள் விளங்கவில்லை என்று தலையாட்டினாள். அதன்பிறகு அவர் நெடுநேரம் பேசினார். இடையில் குரல் உடைந்தது. கண்களைத் துடைத்துக்கொண்டு மீண்டும் பேசினார். சித்தி அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

"என்னவாம், அம்மா?"

"சாப்பிட்டியோ எண்டு கேக்கிறார்."

"ஓம் எண்டு சொல்லுங்கோ," என்றுவிட்டு அவள் பொரியலுக்குக் கை நீட்டினாள். சித்தி ஒரே சொல்லில் அதைச் சொல்லி, கைபேசியைக் கவிழ்த்து வைத்தார்.

அவர் பிறகு அழைக்கவே இல்லை. அன்று என்ன சொன்னார் என்பதைச் சித்தி இன்றுவரை ஒருவருக்கும் சொன்னதில்லை. நானோ அன்று, மகளிடம் சாப்பிட்டாயா என்று கேட்க ஒரு மனிதருக்கு இத்தனை சொற்கள் வேண்டியிருக்கிறதே, அரபு எவ்வளவு கஷ்டமான பாஷை என்று எண்ணியபடி சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தேன்.