தறிக்காரனின் வால் எலும்பு

நெசவுக்குக் கை வேண்டும், கால் வேண்டும், கண் வேண்டும் என்பார்கள். உட்காருகிற இடமும் வேண்டும் என்று எவனும் சொன்னதில்லை. குழித்தறியில் காலைக் குழிக்குள் விட்டு, விளிம்பில் போட்ட பலகையில் பொழுது முழுக்க உட்கார்ந்தே பட்டு நெய்கிற எங்களுக்கு அந்த இடம்தான் மூலதனம். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபதுகளின் கடைசியில் எனக்கு அந்த மூலதனம் உடைந்தது. உங்களில் எத்தனையோ பேர் அதே இடத்தில் அடிபட்டு, கேட்டவர்களிடம் "இடுப்புல லேசா பிடிச்சிருக்குது" என்று பொய் சொல்லியிருப்பீர்கள். நானும் சொன்னேன். இனிமேல் நமக்குள் வெட்கம் வேண்டாம்.

ஓடி வந்த முதலாளி

சின்ன காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவில், வெயில் ஏறுவதற்குள், பாவு என்கிற நீளவாக்குப் பட்டு இழைகளைத் தெரு நீளத்துக்கு இழுத்துப் பிடித்து, அரிசிக் கஞ்சி தெளித்து நீவிவிடுவோம். அன்று ஒரு முனையில் கழியைப் பிடித்து நின்றவன் நான். கஞ்சிப் பானையோடு நடந்தவன் துரைசாமி, என் மனைவியின் தம்பி. அவன் கண் எதிர்வீட்டு வாசலில் இருந்தது. பாதிக் கஞ்சி பாவில் விழுந்தது, பாதி என் காலடியில். வழுக்கியது. கையை ஊன்றியிருந்தால் தப்பியிருப்பேன். கழியை விட்டால் பாவு சுருண்டு சிக்காகிவிடுமே என்று இரண்டு கையாலும் அதைப் பிடித்தபடியே கருங்கல் வாசற்படியின் முனையில் போய் உட்கார்ந்தேன். உள்ளே ஏதோ 'ணக்' என்றது. கண்ணில் பூச்சி பறந்தது.

நான் நெய்தது முதலாளி வீட்டுத் தறியில். சத்தம் கேட்டு அவர் உள்ளேயிருந்து ஓடிவந்தார். நமக்காக ஓடிவருகிறாரே என்று எனக்குக் கண்கூடக் கலங்கியது. அவர் என்னைத் தாண்டிப் போய்ப் பாவை முனைக்கு முனை தடவிப் பார்த்துவிட்டுத் திரும்பிச் சொன்னார்: "நல்ல வேளப்பா, ஒரு இழைகூட அறுந்துபோவல. கழிய யார் கையிலயாவது குடுத்துட்டு மெதுவா எழுந்திரு."

கட்டு நிற்காத இடம்

திருப்புட்குழிப் பக்கம் எலும்புக் கட்டுப் போடும் வைத்தியர் ஒருவர் இருந்தார். கை, கால் என்றால் புலி. மாட்டு வண்டியில் என்னைக் குப்புறப் போட்டுக் கொண்டுபோனார்கள். ரோட்டில் கிடந்த ஒவ்வொரு கல்லும் என்னை விசாரித்துவிட்டுத்தான் விட்டது. அவர் அழுத்திப் பார்த்தார், நான் கத்தினேன், அதையே அவர் நோய்க்கணிப்பாக வைத்துக்கொண்டார். முட்டை வெள்ளைக்கரு, உளுந்து மாவு, மூங்கில் பத்தை எல்லாம் சேர்த்து இடுப்பிலிருந்து தொடைவரை ஒரு கட்டு. பார்ப்பதற்குத் தேர்ச்சக்கரத்துக்குப் பட்டை போட்டதுபோல இருந்தது.

மறுநாள் காலையில்தான் குட்டு வெளிப்பட்டது. கொல்லைப்பக்கம் போனவன் குத்துக்காலிட முடியாமல் முருங்கை மரத்தைக் கட்டிப்பிடித்து நின்றேன். என் மனைவி அரிவாள்மனையைக் கொண்டுவந்து கட்டை அறுத்த பிறகுதான் உயிர் வந்தது. விஷயத்தை வைத்தியருக்குச் சொல்லி அனுப்பினோம். அவர் சொல்லி அனுப்பிய பதில்: "கட்டுல ஒரு குத்தமும் இல்ல. அந்தாளு அந்த வேலைக்குப் போனதுதான் குத்தம்."

கையுறை

பிறகு தர்மாஸ்பத்திரி. இளவயது டாக்டர். அவரிடமும் "இடுப்பு" என்றேன். அவர் முதுகெலும்பை மேலிருந்து ஒவ்வொன்றாக அழுத்திக்கொண்டே வந்தார். கடைசியில் ஓரிடத்தில் நான் மேசையைவிட்டு ஒரு சாண் எழும்பினேன். "ஓகோ, இந்த இடுப்பா?" என்றார். ஒருக்களித்துப் படுத்து முழங்காலை நெஞ்சோடு சேர்க்கச் சொல்லிவிட்டு ரப்பர் கையுறையை மாட்டினார். அப்புறம் நடந்ததை அடிபட்டவர்கள் அறிவார்கள். அறியாதவர்கள் கேட்க வேண்டாம். பக்கவாட்டில் படுக்கவைத்து எக்ஸ்ரேயும் எடுத்தார்கள்.

படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். முதுகெலும்பு முடிகிற இடத்தில் நமக்கெல்லாம் குட்டையாக ஒரு வால் இருக்கிறது. அதன் நுனித் துண்டு உடைந்து முன்பக்கமாக மடங்கியிருந்தது. மாவுக்கட்டு கேட்டேன். அந்த இடத்துக்குக் கட்டே கிடையாதாம். வலிக்கு மாத்திரை, வெந்நீர்த் தொட்டியில் இடுப்பளவு முக்கல், வயிறு இறுகாமல் இருக்கக் கீரையும் பழமும், ஒருக்களித்துத் தூக்கம். உட்கார்ந்தே ஆகவேண்டுமென்றால் நடுவில் ஓட்டையுள்ள ரப்பர் வளையத்தின்மேல், முன்பக்கம் சாய்ந்து. மற்றபடி ஒன்றரை மாதம் உட்காராமல் இருப்பதுதான் மருந்து. நான் பட்டுத்தறி நெய்கிறவன் என்றேன். டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். "ஏன்யா, ஒலகத்துல நின்னுக்கினு செய்யற வேலை எத்தனையோ இருக்குதே, உனக்கு இது ஒண்ணுதான் கெடச்சுதா?"

பாய் கடையில்

ஊரில் ரப்பர் வளையம் எங்கேயும் இல்லை. கடைசியில் சைக்கிள் கடை காதர் பாய் கை கொடுத்தார். பழைய ஸ்கூட்டர் டியூபை வெட்டி, ஒட்டி, வளையமாக்கி, தண்ணீர்த் தொட்டியில் முக்கிக் குமிழி வருகிறதா என்று பார்த்தார். வரவில்லை. அளவு பார்க்கக் கடை வாசலிலேயே என்னை அதன்மேல் உட்காரவைத்தார். பஞ்சருக்கு வந்தவர்கள் எல்லாம் வேலையை மறந்து சுற்றி நின்றார்கள். ஒருவன் நான் எவ்வளவு வேகம் போவேன் என்று கேட்டான். பாய் மட்டும் சிரிக்கவில்லை, தொழில் மரியாதையோடு சொன்னார்: "காத்து கொறஞ்சா டியூப மட்டும் குடுத்தனுப்பு நைனா. நீ மேல குந்திக்கினு பம்பு அடிக்கச் சொல்லாத."

நலம் விசாரிப்பு

துரைசாமி ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வந்தான். டாக்டர் பழம் தின்னச் சொன்னார் என்று கேள்விப்பட்டானாம். ஆகா, கஞ்சி கொட்டியதற்கு வருத்தப்படுகிறான் என்று நினைத்தேன். அவன் மெதுவாக விஷயத்துக்கு வந்தான். என் தறியில் அவனை உட்காரச் சொல்லிவிட்டாராம் முதலாளி.

அந்தத் தறியில் அரக்கு நிறத்தில் ஒரு முகூர்த்தப் புடவை பாதியில் நின்றிருந்தது. ஒருவன் தொடங்கிய புடவையில் இன்னொருவன் கை வைப்பது எங்களில் வழக்கமில்லை. ஒருவன் அடி இறுக்கம், ஒருவன் அடி தளர்வு, துணி காட்டிக்கொடுத்துவிடும். இதைப் படுத்த வாக்கில் அவனுக்கு எடுத்துச் சொன்னேன். அவன் கொண்டுவந்த பழத்தில் ஒன்றை அவனே உரித்துத் தின்றுகொண்டு சொன்னான்: "நீ எதுக்கு மாமா கவலப்படற? எனக்குக் கை பழகிட்டா அந்தத் தறியே எனக்குத்தான்னு முதலாளி சொல்லிட்டாரு."

வெளிச்சத்தில் புடவை

உடைந்த எலும்பு கூடிவிடும். போன தறி திரும்பாது. தூக்கம் ஒருக்களித்தும் வரவில்லை, குப்புறவும் வரவில்லை. இரண்டு வாரம் கழித்துப் பெண் வீட்டார் புடவை பார்க்க வந்தார்கள். பெண்ணின் அத்தை புடவையை விரித்து வாசல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். ஒரு பாதி கெட்டி, மறுபாதி கொசுவலை. நடுவில் யாரோ கோடு கிழித்ததுபோல இருந்ததாம். மடித்து வைத்துவிட்டு எழுந்து போய்விட்டார்கள்.

அன்று சாயங்காலமே முதலாளி எங்கள் வீட்டுக்கு வந்தார். நான் சுவரோரம் நின்றிருந்தேன். "அவனுக்கு உன் கை வருமாப்பா? வேற புடவைக்குப் பாவு ஏத்திடறேன், நீ வந்து குந்து" என்றார். எலும்பு இன்னும் கூடவில்லையே என்று நான் இழுத்தேன். முறுக்கிக்கொள்ள நமக்கும் ஒரு நாள் வராதா? அதற்குள் உள்ளேயிருந்து என் மனைவி குரல் கொடுத்தாள்: "மொதல்ல என் தம்பிய எழுந்திருக்கச் சொல்லுங்க முதலாளி. இவரு குந்தறதப் பத்தி அப்புறம் பேசலாம்."

பலகை

துரைசாமி எழுந்தான், போகும்போது தறிக்கு ராசி இல்லை என்று சொல்லிவிட்டுப் போனான். நான் டியூபோடு போய் உட்கார்ந்தேன். டியூப் என்னை நாலு விரற்கடை தூக்கிவிட்டது; குழிக்குள் இருக்கிற மிதிகட்டைக்குக் கால் எட்டாமல் தொங்கியது. டியூபை எடுத்தால் கால் எட்டியது, உயிர் போனது. கடைசியில் ஆசாரியைக் கூப்பிட்டு, உட்காருகிற பலகையின் பின்பக்கத்தைப் பிறை மாதிரி வெட்டி எடுக்கச் சொன்னேன். வால் படுகிற இடத்தில் பலகையே இல்லை. முன்பக்கம் சாய்ந்து, குறுக்கு இழை ஓட்டுகிற நாடாவை விட்டேன். வலிக்கவில்லை. சினிமாக் கொட்டகையில் உட்கார முடியவில்லை, கல்யாணப் பந்தியில் முடியவில்லை, சொந்த வீட்டுப் பாயிலும் முடியவில்லை; அந்தப் பலகையில் மட்டும் முடிந்தது.

முதலாளி குனிந்து பலகையைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். நான் பட்ட பாட்டைப் பார்த்து இரண்டு வார்த்தை சொல்வார் என்று நான் நாடாவை நிறுத்தினேன். அவர் சொன்னது: "பேஷா இருக்குதேப்பா! மத்த தறிக்கும் இப்படியே வெட்டிடலாம். இனிமே எவன் விழுந்தாலும் வேலை நிக்காது."

ஆகவே அன்பர்களே, வேலை செய்ய உட்காருவதும் ஓய்வெடுக்க நிற்பதுமாகத்தான் என் வால் எலும்பு குணமானது.