புயலில் தாழிட்ட வீடு

1977 ஐப்பசியில் காரைக்காலில் எழுதிய என் நாட்குறிப்பில் ஒரே வரி: "காலையிலிருந்து காற்று. கதவு, சன்னல் எல்லாம் சாத்திவிட்டேன்." நான் வாழும் பாரிஸ் புறநகரில் காற்றடித்தால் எல்லோரும் அதைத்தான் செய்கிறார்கள். ‘வோலே’ எனும் மரக் கதவுகளைச் சன்னல்களுக்கு வெளியே இழுத்துப் பூட்டிவிட்டு, அவரவர் வீட்டுக்குள் இருந்துவிடுகிறார்கள்.

காரைக்காலில் நான் பிறந்த தலத்தெருவில் வழக்கம் வேறு. புயல் வந்தால் மாடி வீட்டுக்காரர் வாசற்கதவைத் தாழிடக் கூடாது. கூரை வீட்டுக்காரர்கள் கேட்காமலே வந்து கூடத்தில் ஒண்டிக்கொள்வார்கள். அப்படிப் போய் ஒண்டி வளர்ந்தவன்தான் நான். பிரான்சுப் பணத்தில் கட்டிய வீட்டுக்கு விடுமுறையில் தனியாக வந்திருந்த அன்று, அது நினைவுக்கே வரவில்லை. பகலிலேயே இருட்டி, மின்சாரமும் போனது. முதலில் கூடத்தில் உட்கார்ந்தேன், பிறகு அடுப்படியில், கடைசியில் மாடிப்படிக்கு அடியில். யாராவது பேசினால் போதும் என்றிருந்தது. என் பெயரை நானே உரக்கச் சொல்லிப் பார்த்தேன், காதில் விழவில்லை. வாசற்கதவு சிலமுறை அதிர்ந்தது. காற்று என்று முடிவுசெய்து, பெஞ்சை இழுத்து முட்டுக்கொடுத்தேன்.

காற்று அடங்கித் திறந்தபோது எதிர்வீட்டு ஜெயம் அக்காவின் கூரை தெருவில் கிடந்தது. நனைந்த பிள்ளைகளுடன் அவர், புயலுக்கு ஒதுங்கியிருந்த பள்ளிக்கூடத்திலிருந்து திரும்பிக்கொண்டிருந்தார்.

"இங்க வந்திருக்கலாமேக்கா."

"ஒங்களுது பிரான்சு வூடாச்சே தம்பி. காத்தே உள்ள நொழைய முடியல, நாங்க எங்கேர்ந்து நொழையிறது?" சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

"கதவத் தட்டினீங்களா?"

"அத வுடுங்க. அடுப்பு நனையலன்னா புள்ளைவளுக்கு ஒரு வாய் காப்பித்தண்ணி போட்டுக் குடுங்க."

போட்டுக் கொடுத்தேன். உள்ளே வரச் சொன்னேன். "காலெல்லாம் சேறு தம்பி" என்று வாசலிலேயே நின்று குடித்தார்கள். என்னால் அவர்கள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

போன குளிர்காலத்தில் இங்கே பிரான்சில் பெருங்காற்று. வோலேக்களைப் பூட்டியபின் வாசற்கதவின் தாழை மட்டும் நீக்கிவைத்தேன். மாடியில் குடியிருக்கும் பிரெஞ்சுக்கார மதாம் இறங்கிவந்து, பூட்டு கெட்டுவிட்டதா, ஆளை அனுப்பட்டுமா என்று கேட்டார். எங்கள் ஊரில் புயலுக்கு இப்படித்தான் என்றேன். உள்ளே வந்த காற்று வெளியே போவதற்கா என்றார். ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.

இப்போதெல்லாம் காற்றடித்தால் என் சன்னல்கள் இந்த ஊர்ப்படியும் கதவு அந்த ஊர்ப்படியும் இருக்கின்றன. யாரும் வருவதில்லை. அன்று தலத்தெருவில் என் கதவை அதிரவைத்தது காற்றா, கையா என்பதை இன்றுவரை சரிபார்க்கவில்லை. ஜெயம் அக்கா சொல்லவில்லை. மறுபடி கேட்க எனக்குத் துணிவு வரவில்லை.