இடுகாட்டுக்கு ஒரு கோர்ட்டு உத்தரவு

கோர்ட்டு போட்ட உத்தரவை அரசாங்க ஆபீசில் கொண்டுபோய்க் கொடுத்து, கையெழுத்து வாங்கி வருவது என் பிழைப்பு. தெமியாங்கில் ஒரு வக்கீலிடம் இருக்கிறேன். நம்பர் சீட்டைப் பிடித்துக்கொண்டு கவுண்டர் முன்னால் காத்துக் கிடந்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. நாமெல்லாம் ஒரே பெஞ்சுக்காரர்கள்.

கவுண்டரில்

சுங்கை காடுட் பக்கம் ஒரு தோட்டம் கை மாறியது. புது முதலாளி இடுகாட்டுப் பாதையில் கேட் போட்டுப் பூட்டிவிட்டார். அங்கே லயத்து வீடுகளில் இருக்கும் ஜனங்கள் நில ஆபீஸ் அதிகாரிக்கு மனு மேல் மனு போட்டார்கள், பதிலே இல்லை. வேறு வழியில்லாமல் கோர்ட்டுக்குப் போனார்கள். இவர்களை நேரில் கேட்டு ஒரு முடிவு சொல்லுங்கள் என்று கோர்ட்டு அந்த அதிகாரிக்கு உத்தரவு போட்டது.

அதைக் கொண்டுபோனேன். கவுண்டரில் இருந்த தமிழ்ப் பெண் மரியாதையாகத்தான் வாங்கிப் படித்தாள். கையெழுத்துப் போடத்தான் மனமில்லை.

“ஜட்ஜ் சொல்லிட்டாரு அங்கிள், சரி. எங்க பாஸ் இன்னும் ஒண்ணும் சொல்லலையே.”

ஜெயித்த பிறகு

மனு போட்டவர்களில் ஆரோக்கியசாமி ஒருவர். ஃபேக்டரி வேலை. மனைவி ஸ்டெல்லாவை அடக்கம் செய்த கொஞ்ச நாளில் கேட்டில் பூட்டு விழுந்துவிட்டது. அதற்குப் பிறகு ஒரு கல்லறைத் திருநாளுக்குக்கூட அவர் உள்ளே போக முடியவில்லை.

கேஸ் ஜெயித்ததும் எங்கள் ஆபீசுக்கு வந்து, கேட் எந்தக் கிழமை திறக்கும் என்று கேட்டார். திறக்கச் சொல்லவில்லை, உங்களைக் கேட்கத்தான் சொல்லியிருக்கிறது என்றேன். எனக்கே வெட்கமாக இருந்தது.

“கேக்கத்தானா? இத்தன வருசமா நாங்க என்ன பாட்டாண்ணே பாடுனோம்?”

பெரட்டு

அதிகாரி ஒருவழியாகத் தோட்டத்துக்கு வந்தார். வக்கீல் அனுப்பி நானும் போயிருந்தேன். பெரட்டுக் களத்தில், காலையில் பேர் கூப்பிடுவதற்கு நிற்பது போலவே எல்லாரும் வரிசையாக நின்றுவிட்டார்கள். பெரிய மனிதர் வந்தால் அவர் முகத்துக்கு நேரே குறை சொல்வது தோட்டத்தில் வழக்கமில்லை. சொல்வதெல்லாம் வேலை வாங்கும் மண்டோர் வழியாகத்தான். மண்டோராக இருந்து ஓய்ந்த மாணிக்கமே முன்னால் வந்து ஒரு கிளாஸ் சிராப் தண்ணியை நீட்டி, “எல்லாம் நல்லா இருக்கு துவான், ஒரு குறையும் இல்ல” என்று மலாயில் சொல்லிவிட்டார். அதிகாரி நிம்மதியாக ஃபைலை மூடப் போனார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. ஆனால் என் வேலை உத்தரவு கொடுப்பது, பேசுவது இல்லை.

ஆரோக்கியசாமி வரிசையை விட்டு நகரவில்லை. நின்ற இடத்திலிருந்தே தமிழில் சொன்னார். அதிகாரி என்னைப் பார்த்தார். நான் மலாயில் மாற்றிச் சொன்னேன்.

“குறையெல்லாம் இல்ல துவான். எம் பொண்டாட்டி அந்தப் பக்கம் இருக்கா, பாக்கணும், அவ்வளவுதான்.”

கேட் திறந்த அன்று

அதிகாரி ஃபைலை மூடவில்லை. கேட் வரை நடந்து போய்ப் பார்த்தார். அது பொதுப் பாதை, திறந்துவிட வேண்டும் என்று பிறகு எழுதியும் கொடுத்தார். நல்ல மனிதர்தான். முன்னமே வந்திருக்கலாம்.

திறந்த அன்று நானும் போனேன். வேலை இல்லை, மனசு கேட்கவில்லை. உள்ளே ஆள் உயரத்துக்கு லாலாங் புல். சிமெண்டுக் கல்லறைகளே கண்ணுக்குத் தெரியவில்லை. ஸ்டெல்லாவுக்கு நட்டது மரச் சிலுவை. கரையான் விட்டுவைக்குமா? ஆரோக்கியசாமி புல்லை விலக்கி விலக்கி வெகுநேரம் தேடினார். பிறகு திரும்பி வந்து, கொண்டுவந்த மெழுகுவர்த்திகளை மேடு தெரிந்த இடத்திலெல்லாம் ஏற்ற ஆரம்பித்தார். இந்து ஜனங்களின் மேடு எது, நம் வேதக்காரர்களுடையது எது என்று பார்க்கவில்லை. கற்பூரத்தோடு வந்த மாணிக்கம் பின்னாலேயே போய், காற்றுக்கு அணையாமல் கையால் மறைத்துக்கொடுத்தார்.

“எது அவளோடதுன்னு தெரியலண்ணே. எல்லாருக்கும் ஏத்திட்டேன், அவளும் வாங்கிக்குவா.”

கோர்ட்டு உத்தரவுக்குக் கடைசியில் ஆபீஸ்காரர்கள் பணிந்துதான் போகிறார்கள், லாலாங் புல்தான் அதுவரை காத்திருக்க மாட்டேன் என்கிறது.