கொக்கு இறங்கிய டென்னிஸ் தரை

இறுதிப்போட்டி நடக்கவேண்டிய அன்று காலை, டென்னிஸ் தரையில் இரண்டு கொக்குகள் நின்றன. வலைக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. ஆட்டக்காரர்களைப் போலவே ஒன்றையொன்று முறைத்துக்கொண்டு நின்றதை இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அன்று வரவில்லை. கொக்கு இறங்குகிறது என்றால் அங்கே தண்ணீர் நிற்கிறது. மழை பெய்தது இறைவன் செயல். தண்ணீர் போகாமல் நின்றது என் செயல்.

நான் கல்முனையில் கணக்குப் படிப்பித்துக்கொண்டு வயலும் செய்தவன். ஊருக்கு மேற்கே எங்கள் வயல்களெல்லாம் சேர்ந்த வட்டைக்குப் பல வருடம் வட்டவிதானையாக இருந்தேன். வாய்க்கால் தண்ணீரை யாருக்கு, எந்த நாளில் விடுவது என்று தீர்மானிக்கிற வேலை அது. அதற்கு இரண்டு தகுதி வேண்டும். தண்ணீர் எந்தப் பக்கம் ஓடும் என்று தெரியவேண்டும், ஏச்சுக்கு அசையக்கூடாது. எனக்கு இரண்டும் இருந்தன. ஏச்சு வாங்கினால் வட்டியோடு திருப்பிக் கொடுக்கவும் தெரியும். ஆனால் வயலை மட்டப்படுத்துவதில் என்னை அடிக்க அந்தப் பகுதியில் ஆள் இல்லை என்பதை என்னை ஏசுகிறவர்களும் ஒத்துக்கொள்வார்கள்.

எங்கள் ஊர்ப் பல் டொக்டருக்கு டென்னிஸ் பைத்தியம். வெளிநாட்டில் படித்த காலத்தில் புல் தரையில் நடந்த பெரிய ஆட்டங்களைப் பார்த்துவிட்டு வந்தவர். பல் பிடுங்க வருகிறவர்களிடமும் அதைத்தான் கதைப்பார். வாயைத் திறந்துகொண்டு கிடக்கிறவன் என்ன மறுப்புச் சொல்லமுடியும்? எங்கள் ஊரிலேயே ஒரு புல் தரை போட்டு, டென்னிஸைத் தொழிலாக ஆடுகிறவர்களைக் கூப்பிட்டு, ஆண்களுக்கான ஒரு போட்டி நடத்தவேண்டும் என்பது அவருடைய கனவு. இந்த நாட்டில் புல்லில் ஆட இடம் கிடைப்பது அரிது, அதனால் வருவார்கள் என்றார். பன்னிரண்டு பேர் வருகிறோம் என்று சொல்லியும்விட்டார்கள். தரைதான் இல்லை.

ரோட்டோரமாக இருந்த என் வயல் துண்டைக் கொடுத்தேன். பெருமைக்காகத்தான் கொடுத்தேன், வேறு காரணம் சொன்னால் பொய். அந்தக் கோடையின் சிறுபோகத்துக்கு அதில் நெல் விதைக்காமல், களிமண்ணோடு புற்றுமண் கலந்து போட்டு, அறுகம்புல் நட்டோம். என் மனைவி வந்து பார்த்துவிட்டு இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

“இஞ்சருங்க, கலியாணம் முடிச்ச நாள் தொடக்கம் இந்தப் புல்லப் புடுங்கிப் புடுங்கித்தானே உங்கட முதுகு கூனிப் போச்சு? இப்ப அதுக்குப் பசளையும் போட்டுத் தண்ணியும் ஊத்துறீங்க!”

வரம்பு வழியே போனவர்களெல்லாம் இதையே கேட்டார்கள். ஒருவர் ‘இந்தப் புல்லுக்கு அறுவடை எப்போது’ என்றும் விசாரித்தார். மதகுக்குப் போடுகிற சீமெந்துக் குழாய் ஒன்றுக்குள் கொங்கிரீட் நிரப்பி உருளை செய்து, காலையும் மாலையும் இழுத்தோம். அதற்கு முன்பே, வயலில் செய்வதுபோலத் தண்ணீரைக் கட்டிப் பார்த்து, தலையைக் காட்டிய மேடுகளையெல்லாம் சீவித் தள்ளியிருந்தேன். ஒரு விரல் உயர வித்தியாசம்கூட மூலைக்கு மூலை இல்லை. சுற்றிவர வரம்பு கட்டி, சேறு பூசி, வழவழவென்று மெழுகினேன். யாரும் கேட்டுச் செய்ததல்ல. கை பழகிய வேலை, தானே செய்துவிட்டது.

டொக்டர் ஒரு புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார்.

“சேர், தரை ஒரு பக்கம் கொஞ்சம் சரிஞ்சி இரிக்கணும் எண்டு இதில போட்டிரிக்கி.”

“சரிஞ்ச வயல் ஒண்ட என்ட வட்டையில எவனும் காட்டேலாது டொக்டர். நீங்க பல்லப் பாருங்க, நான் மண்ணப் பாக்கிறன்.”

அவர் நல்ல மனிதர். புத்தகத்தை மூடிவிட்டார்.

போட்டியின் முதல் மூன்று நாளும் எனக்குக் கால் தரையில் படவில்லை. பந்து விழுந்த இடத்திலெல்லாம் ஒரே அளவாக எழும்பியது. கொழும்பிலிருந்து வந்த ஆட்டக்காரர்கள் குனிந்து புல்லைத் தடவிப் பார்த்தார்கள். சம்மாந்துறை, அக்கரைப்பற்றிலிருந்தெல்லாம் சனம் மோட்டார் சைக்கிளில் வந்து வரம்பில் குந்தியது. நான் வேலையில்லாமலே குறுக்கும் நெடுக்கும் நடந்துகொண்டிருந்தேன். மூன்றாம் நாள் பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு, அரையிறுதி முடிந்த கையோடு, ஆவணி மாதத்தில் யாரும் எதிர்பார்க்காத மழை ஒன்று கொட்டியது. பொழுதுபட்டு மஃரிப் வரைக்கும் விடவில்லை.

மறுநாள்தான் கொக்குகள்.

போட்டியின் தலைமை நடுவர் கொழும்பிலிருந்து வந்த ஒரு சிங்களப் பெண்மணி. அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. தெரிந்த தமிழில் சுருக்கமாகச் சொன்னார்: “இரண்டரைக்கு நான் பந்து போட்டுப் பார்ப்பேன். எழும்பினால் இங்க ஆட்டம். எழும்பாட்டி மட்டக்களப்பு.” அங்கே சீமெந்துத் தரை ஒன்றைக் கேட்டு வைத்துவிட்டார். டொக்டர் பல் வலி வந்தவரைப்போல கன்னத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். புல்லில் தொடங்கிய போட்டி சீமெந்தில் முடிந்தால், இனி ஒருவரும் எங்கள் ஊருக்கு ஆட வரமாட்டார்கள். அவருக்கும் அது தெரியும், எனக்கும் தெரியும்.

போட்டியை நடத்திய கழகத்தார் விளக்குமாறும் வாளியுமாக உள்ளே இறங்கப் பார்த்தார்கள்.

“காலெடுத்து வச்சீங்க எண்டா முறிப்பன்!” என்று கத்தினேன். ஊறிய களியில் ஒரு மிதி போதும், பள்ளம் விழுந்துவிடும். பிறகு வலை கட்டினவனை ஏசினேன், மழையை ஏசினேன், கொக்கையும் ஏசினேன். ஏசி முடிந்து மூச்சு வாங்கியபோதுதான் டொக்டர் என்னையே பார்த்துக்கொண்டிருப்பது கண்ணில் பட்டது. புத்தகத்தைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லை. அவர் ஏசியிருந்தால் எனக்கு இலேசாக இருந்திருக்கும்.

“பிழை என்டதான் டொக்டர்,” என்றேன். “நெல்லுக்கு மட்டம் பாத்துப் போட்டன்.”

தண்ணீர் போகவேண்டுமானால் கிழக்கு வரம்பை வெட்டவேண்டும். அந்தப் பக்கத்து வயல்தான் என் தரையைவிட அரை முழம் தாழ்வு. ஆனால் அந்த வயல்காரரோடு எனக்கு இரண்டு வருடமாகக் கதை பேச்சு இல்லை. பக்கத்து ஊரான வீரமுனையைச் சேர்ந்த மனிதர். என் வயதுதான், வரம்புக்கு வரம்பு. தண்ணீர் குறைந்த ஒரு சிறுபோகத்தில், அவருடைய முறை முடிந்துவிட்டது என்று அவர் வயல் வக்கடையை நான் சேறு வைத்து அடைத்தேன். வரம்பில் தண்ணீர் பாய வெட்டி வைத்திருக்கிற அந்த வாயை மூடுகிற அதிகாரம் விதானைக்கு உண்டு. சட்டப்படி சரி. ஆனால் அவருடைய நெல் கதிர் தள்ளுகிற நேரம் அது. இன்னும் ஒரு நாள் விட்டிருக்கலாம். விடவில்லை, ஏனென்றால் அவர் என்னை ஏசியிருந்தார்.

அவர் தன் காவல் குடிசையான வாடியின் வாசலில் இருந்து பிளேன்ரீ குடித்துக்கொண்டிருந்தார். நான் வருவதைக் கண்டும் எழும்பவில்லை.

“என்ன விதானையார், வழி தவறிட்டீங்களா?”

“உங்கட வயலுக்குள்ள தண்ணி விடணும்.”

கோப்பையைக் கீழே வைத்தார். “கெஞ்சிக் கேக்கக்குள்ள தண்ணி தராத மனிசன், இப்ப கேக்காமலே தண்ணி தாறன் எண்டு வந்து நிக்கிறீங்க!” என்று சொல்லிவிட்டு, வயிறு குலுங்கச் சிரித்தார்.

ஏச்சுக்குத் தயாராகத்தான் போயிருந்தேன். சிரிப்புக்கு அல்ல. “அண்டைக்கு நான் செஞ்சது பிழை,” என்றேன். “உங்கட கதிரக் கண்ணால கண்டுகொண்டுதான் அடைச்சனான்.” விதானையாக இருந்த காலம் முழுக்க நான் யாரிடமும் சொல்லாத சொல் அது.

அவர் சிரிப்பை நிறுத்தினார். “ரெண்டு வருசமா இந்த ஒரு கதைக்குத்தான் பாத்துக்கொண்டு இருந்தன்,” என்றார். பிறகு எழும்பிச் சாரத்தை மடித்துக் கட்டினார்.

“நேத்து நனைஞ்ச வைக்கோல அங்க காய விரிச்சிருக்கீங்க. திரும்ப நனைஞ்சிரும்,” என்றேன்.

“நனைஞ்சா மாடு கோவிக்காது. மம்பட்டிய எடுங்க.”

தரையைப் பார்த்ததும் அவர் ஒரு விசில் அடித்தார். “நெல்ல எறிஞ்சா நாளைக்கே முளைக்கும் போல கிடக்கே!” அது பாராட்டா, கேலியா என்று நான் விசாரிக்கவில்லை. கிழக்கு வரம்பில் ஐந்து வக்கடை வெட்டினோம். நான் மெழுகிய வரம்பை நானே வெட்டுவது கொஞ்சம் வலித்தது. தண்ணீர் போகத் தொடங்கியது, ஆனால் அவசரமில்லாமல். அவ்வளவு மட்டமான தரையில் அதற்கு எந்தப் பக்கம் போவது என்றே தெரியவில்லை. ஒன்பது மணி, பத்து மணி ஆகியும் புல்லின் அடியில் பளபளவென்று நின்றது. நடுவர் அம்மா மணிக்கூட்டைப் பார்த்தார். டொக்டர் வானத்தைப் பார்த்தார்.

“விதைப்புக்கு முந்திக் கடைசியா என்ன இழுப்பம்?” என்று வீரமுனைக்காரர் கேட்டார்.

“வாழக்குத்தி.”

“பிறகென்ன யோசினை?”

விதைக்கிறதற்கு முன், சேற்றை அழுத்தி மினுக்க நாங்கள் வாழைமரத்து அடித்தண்டை இழுப்பதுண்டு. நீளமாக ஒன்று வெட்டி, இரண்டு முனையிலும் கயிறு கட்டினோம். கிழக்கு வரம்பில் நின்றவர்கள் இழுக்க, அது புல்லின்மேல் வழுக்கிக்கொண்டு, தண்ணீரை முன்னால் தள்ளி வந்து வக்கடைக்குள் கொட்டியது. மேற்கே நின்றவர்கள் திருப்பி இழுத்தார்கள். ஒருவருடைய காலும் தரையில் படவில்லை. மூன்றாம் இழுப்பில் இறுதிப்போட்டிக்காரர்கள் இரண்டு பேரும் வந்துவிட்டார்கள். நெட்டையான கொழும்பு ஆட்டக்காரரும், தமிழ்நாட்டிலிருந்து வந்த கட்டையான ஆட்டக்காரரும். மாலையில் எதிரெதிரே நின்று ஆடவேண்டியவர்கள் ஒரே கயிற்றைப் பிடித்து இழுத்தார்கள். என் மனைவி கிடாரம் நிறையச் சோறும் மீன் ஆணமும் அனுப்பியிருந்தாள். நடுப்பகலில் லுஹர் தொழுதுவிட்டு வந்தபோது தண்ணீர் இல்லை. மேற்கிலிருந்து கச்சான் காற்று அடித்துக்கொண்டிருந்தது. பயிரை வாட்டுகிறது என்று நான் வாழ்நாளெல்லாம் திட்டிய காற்று. அன்று இன்னும் அடி, இன்னும் அடி என்று உள்ளுக்குள் கெஞ்சினேன்.

இரண்டரைக்கு நடுவர் அம்மா சப்பாத்தைக் கழற்றிவிட்டுத் தரையில் இறங்கினார். தோள் உயரத்திலிருந்து பந்தை விட்டார். எழும்பியது. நடுவில் விட்டார். எழும்பியது. கிழக்கு மூலையில் விட்டார். பந்து முழங்கால்வரைகூட வராமல் சோர்ந்து விழுந்தது. குந்தியிருந்து பெருவிரலால் மண்ணை அமர்த்திப் பார்த்தார். “அரை மணித்தியாலம்,” என்றார்.

அந்த அரை மணித்தியாலமும் நானும் வீரமுனைக்காரரும் அந்த மூலைக்கு நேரே வரம்பில் குந்திக்கொண்டு, அடுப்பில் பால் வைத்தவர்கள் மாதிரி அதையே பார்த்துக்கொண்டிருந்தோம். மூன்று மணிக்கு நடுவர் அம்மா திரும்ப வந்து பந்தை விட்டார். அது எழும்பியது, இடுப்புக்குக் கிட்ட, அவருடைய கைக்கே வந்தது. அவர் பந்தைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு, “ஆடலாம்,” என்றார். டொக்டர் ஓடிவந்து என்னைக் கட்டிப்பிடித்ததில் அவருடைய வெள்ளை உடுப்பெல்லாம் என் சேறு.

அஸர் தொழுதவுடன் ஆட்டம் தொடங்கியது. கோடுகளுக்குப் புதிதாகச் சுண்ணாம்பு போட்டிருந்தது. உழவு இயந்திரப் பெட்டிகளில் பெண்கள், வரம்பெல்லாம் ஆண்கள், ரோட்டோர மதிலில் மிச்சப் பேர். முதல் செட்டைக் கொழும்புக்காரர் எடுத்தார். இரண்டாவதைத் தமிழ்நாட்டுக்காரர் எடுத்தார். மூன்றாவதில் ஒருவரையொருவர் விடவில்லை. வீரமுனைக்காரருக்கு டென்னிஸ் ஒரு எழுத்தும் தெரியாது. யார் அடித்தாலும் கை தட்டினார், வலையில் பட்டாலும் தட்டினார். நான் ஆட்டக்காரர்களைப் பார்க்கவே இல்லை. பந்து தரையைத் தொடுகிற இடத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சூரியன் சரிந்து, மஃரிபுக்கு இன்னும் கொஞ்ச நேரமே இருந்தபோது, ஒரு புள்ளி கிடைத்தால் வெற்றி என்ற நிலைக்குக் கொழும்புக்காரர் வந்தார். மற்றவர் பந்தைச் சீவித் தாழ அனுப்பினார். அது போய்க் கிழக்கு மூலையில், கோட்டின் மேல் விழுந்தது. இரண்டரை மணிக்குச் சோர்ந்த அதே இடம். என் கை பக்கத்தில் இருந்த வீரமுனைக்காரரின் முழங்கையைப் பிடித்துக்கொண்டது. பந்து ஒரு கணமும் தயங்கவில்லை. எழும்பவேண்டிய உயரத்துக்குச் சரியாக எழும்பி, கொழும்புக்காரரின் ரக்கட்டுக்கு வந்தது. அவர் வீசி அடித்தார். பந்து மற்றவருக்கு எட்டாமல் எதிர்ப்பக்கத்துக் கோட்டில் விழுந்து சுண்ணாம்பு பறந்தது.

சனம் எழும்பிக் கத்திய சத்தம் கடற்கரை வரைக்கும் கேட்டிருக்கும். அல்லாஹு அக்பர் என்று தக்பீர் முழங்கினார்கள், தகரத்தில் அடித்தார்கள், டொக்டர் சின்னப் பிள்ளை மாதிரி அழுதார். எனக்கும் கண் நிறைந்துவிட்டது. மறைக்கவும் இல்லை. வீரமுனைக்காரர் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு குதித்தார். குதித்து முடிந்த பிறகுதான் அவருக்குச் சந்தேகம் வந்தது. என் காதுக்குள் குனிந்து கேட்டார்.

“அது சரி, ஆர் வெண்டது?”

“நாமதான்,” என்றேன்.

அவர் ஓம் என்று தலையாட்டினார். இரண்டு பேரும் முழங்கால்வரை சேற்றோடு அந்த மூலைக்கு இறங்கிப்போய், பந்து பட்ட இடத்தைத் தொட்டுப் பார்த்தோம்.