மேற்கு வாசலின் நூறு நாள் முற்றுகை

ஊரில் அவரைச் ‘சரித்திரம்’ என்றுதான் கூப்பிடுவார்கள். பள்ளியில் அந்தப் பாடத்தில் மட்டும் மூன்று முறை தோற்றவர். அதற்காக அவர் வெட்கப்பட்டதில்லை. கழுத்தில் ஓர் அட்டையை மாட்டிக்கொண்டு, பழைய கோட்டையின் மேற்கு வாசலில் இருபத்திரண்டு வருடம் வாய்கூசாமல் வழிகாட்டினார்.

வாசலின் இடது தூணில் வரிசையாக ஒன்பது குழிகள் உண்டு. அங்கே வந்ததும் தொண்டையைச் செருமிக்கொள்வார்.

“பீரங்கிக் குண்டுங்க! நூறு நாள் முற்றுகை! கதவு அசையலயே!”

வந்தவர்கள் குழிக்குள் விரலை விட்டுப் பார்த்துச் சிலிர்த்துப்போவார்கள். ஆரம்பத்தில் அது பத்து நாள் முற்றுகைதான். கைதட்டல் கூடக்கூட நாளும் கூடிற்று.

அவருடைய அக்கா கட்டட வேலையில் கல் சுமந்தவள். தம்பி வழிகாட்டிப் பேசுவதை அவள் கேட்டதே இல்லை. ஒருநாள் சம்பந்தி வீட்டாருக்கு வாசலைக் காட்டக் கூட்டிவந்தவள், முற்றுகையைக் கேட்டாள். கையால் வாயைப் பொத்திப் பார்த்தாள். சிரிப்பு அடங்கவில்லை.

“டேய், இந்தத் தூணு லாரி இடிச்சு விழுந்துச்சுடா. திரும்பக் கட்டுனதே நாங்கதான். அது சாரக் கம்பு சொருகுன ஓட்டை. மேஸ்திரி அடைக்காமயே போயிட்டாரு.”

கூட்டம் கொல்லென்று சிரித்தது.

“நீ சும்மா இருக்கா. படிக்காதவளுக்கு என்ன தெரியும்?”

“படிக்கலதான். கல்லு சுமந்தேன். நீ என்னத்தச் சுமந்த?”

அதோடு விடவில்லை. நேரே தொல்பொருள் அலுவலகத்துக்குப் போய், எந்த வருடம், எந்த மேஸ்திரி என்று எல்லாவற்றையும் சொன்னாள். அதிகாரி பொறுமையாக எழுதிக்கொண்டார். எழுதிய தாளை இழுப்பறையில் போட்டு மூடினார்.

ஆறு மாதத்தில் வாசலில் பளபளவென்று ஒரு கல்வெட்டு முளைத்தது. நூறு நாள் முற்றுகை, ஒன்பது குண்டுகள், எதுவும் குறையவில்லை. அடியில், ‘ஆய்வு’ என்று போட்டு அதிகாரியின் பெயர்.

சரித்திரம் கொதித்துப்போய் அலுவலகத்துக்கு ஓடினார்.

“சார், அது என் சொந்தச் சரக்கு! நானே யோசிச்சது!”

அதிகாரி தலையை நிமிர்த்தினார். “யோசிச்சதா? அப்ப இத்தனை வருஷமா பொய் சொன்னியா?”

சரித்திரம் வாசலுக்குத் திரும்பினார். கல்வெட்டை ஓசியில் படிக்க முடிந்ததால், அவரை யாரும் சீண்டவில்லை. கடைசியில் அக்கா வீட்டுப் படியேறினார்.

“எனக்காக ஒரு வார்த்தை வந்து சொல்லுக்கா. அது என் கதைன்னு.”

“தாராளமா வரேன். லாரியையும் சேர்த்துத்தான் சொல்லுவேன்.”

செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் இறங்கிப் போய்விட்டார்.

இப்போது கிழக்கு வாசலில் நிற்கிறார். அங்கே மேலேயிருந்து ஓர் இளவரசி குதித்தாளாம். போன வாரம்வரை ஒருத்திதான்.