வால் மட்டும் மிஞ்சிய எருமை

இயக்குநர் என் மானிட்டரைப் பார்த்தார். திரையில் ஒரு வால் ஆடிக்கொண்டிருந்தது.

"எருமை எங்கம்மா?"

"இவ்ளோதான் சார் மிஞ்சிச்சு."

ராயபுரத்தில் ஒரு சின்ன அனிமேஷன் ஸ்டூடியோவில் அப்போது எனக்குப் பதினோராவது வருடம். படத்தின் கிளைமாக்ஸில் வில்லனை ஓர் எருமை துரத்த வேண்டும். வில்லன் நடிகருக்கு நிஜ எருமை என்றால் பயம். அதனால் கம்ப்யூட்டர் எருமை ஒன்றை ஐந்து மாதமாகச் செய்திருந்தேன். ரிலீஸுக்கு மூன்று வாரம் இருக்கும்போது ஹார்ட் டிஸ்க் போய்விட்டது. அசைவைச் சோதிக்கத் தனியாக எடுத்துவைத்த வால் மட்டும் பிழைத்தது. பேக்கப் எடுக்காதது என் தவறு.

இயக்குநர் திட்டவில்லை. வால் மட்டும் துரத்தினால் ஜனங்கள் ஒத்துக்கொள்வார்களா என்று உண்மையாகவே யோசித்தார். எனக்கு அதுதான் அதிக பயத்தைக் கொடுத்தது. இரண்டு நாள் அவகாசம் கேட்டேன்.

மறுநாள் காலை திருவொற்றியூரில் நான் ஏறிய பஸ், துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே நின்றுவிட்டது. ஒரு லாரிக்குப் பின்னால் ஓர் எருமை. என் ஜன்னலிலிருந்து அதன் வால் மட்டும்தான் தெரிந்தது. லாரியைப் பின்னால் எடுக்க வழியில்லாத டிரைவர், டீ கிளாஸோடு இறங்கி நின்று அந்த வாலிடம் நிதானமாகப் பேசினார்.

"இன்னா நைனா, நானும் நேத்துலேர்ந்து இங்கதான் கீறேன். நீ எந்த கேட்டுக்குப் போவணும்?"

வால் ஒருமுறை ஆடியது.

"சரி, யோசிச்சு சொல்லு" என்று அவர் காத்திருந்தார். பஸ்ஸே சிரித்தது.

இறங்கிப் போய், இதைப் படத்தில் வைத்துக்கொள்ளலாமா என்று அவரைக் கேட்டேன். "என்னாண்ட ஏம்மா கேக்குற? அதாண்ட கேளு" என்றார்.

அன்றே கிளைமாக்ஸை மாற்றி எழுதினேன். தப்பியோடும் வில்லன் லாரிகளுக்கு நடுவே மாட்டிக்கொள்கிறான். கன்டெய்னருக்குப் பின்னாலிருந்து ஒரு வால் வழியை மறிக்கிறது. கெஞ்சுகிறான். வால் அசையாததால் தன் குற்றங்களை ஒவ்வொன்றாக ஒப்புக்கொள்கிறான். பின்னால் வந்த போலீஸ் நின்று கேட்கிறது. அனிமேஷன் பழக்கத்தில் வசனங்களுக்கு நடுவே, வினாடிக்கு இருபத்துநான்கு என்ற ஃப்ரேம் கணக்கும் போட்டிருந்தேன்: 'முப்பது ஃப்ரேம் யாரும் பேசக் கூடாது. பிறகு வால் ஆடும்.'

இயக்குநர் ஒத்துக்கொண்டார். படப்பிடிப்பில் வால் இருக்க வேண்டிய இடத்தில் உதவி இயக்குநர் ஒரு துடைப்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். அந்தத் துடைப்பத்திடம் வில்லன் நடிகர் நிஜமாகவே அழுதார்.

தியேட்டரில் முதல் முப்பது ஃப்ரேம் மௌனம் வந்தபோது திரையை விட்டுவிட்டு ஜனங்களைத் திரும்பிப் பார்த்தேன். வால் ஆடுவதற்கு முன்பே ஜனங்கள் சிரித்துவிட்டார்கள். ஐந்து மாதம் வரைந்த எருமைக்குக் கிடைக்காத மரியாதை, ஒரே நாளில் எழுதிய இரண்டு பக்கத்துக்குக் கிடைத்தது. அடுத்த படத்துக்கு முழு நகைச்சுவையும் எழுத இயக்குநர் கூப்பிட்டார். ஸ்டூடியோவிலிருந்து விலகினேன்.

அந்த வாரம் வில்லன் நடிகர் போன் செய்தார். படம் ஓடுவதில் சந்தோஷம்தான், ஆனால் ஒரு வருத்தம் என்றார்.

"எல்லா சிரிப்பும் அந்த வாலுக்கே போவுதும்மா. அதுக்கு டயலாக்கைக் கொஞ்சம் கம்மி பண்ணிருக்கலாம்."

வாலுக்கு ஒரு வசனம்கூட இல்லையே சார் என்றேன்.

"அப்டின்னா அடுத்த படத்துல எனக்கும் டயலாக் வேணாம்."

நகைச்சுவை எழுத வருகிறவர்களுக்கு நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான்: யார் என்ன பேசுகிறார் என்று எழுதிய பிறகு, யார் பேசாமல் நிற்கிறார் என்பதையும் எழுதுங்கள். சிரிப்பு அவரிடம்தான் போகும்.